ஆர்மீனிய வானொலியைக் கேட்டார்கள்: சோவியத் ஜோக்குகளுக்கு நமக்கு ஏன் சிரிப்பு வருவதில்லை

'ரேடியோ யெரவான்' ஜோக்குகள் என்று ஒரு தொகுப்பு உங்கள் கைக்கு வந்திருக்கிறது. அப்படி ஒரு நிலையம் உண்மையிலேயே இருந்ததா, சோவியத் அரசு இதையெல்லாம் ஒலிபரப்ப விட்டதா என்று கேட்டுவிட்டு, கடைசியில், "உலகப் புகழ் பெற்றவை என்கிறார்கள், ஆனால் பாதிக்கு மேல் எனக்குச் சிரிப்பே வரவில்லை" என்றும் சொல்லியிருக்கிறீர்கள். முதல் இரண்டு கேள்விகளுக்கு நாலு வரி போதும். அந்தக் கடைசி வாக்கியம்தான் உண்மையான கேள்வி என்று எனக்குப் படுகிறது. நான் ரஷ்ய மொழி கற்பிப்பவன். இலக்கணப் பாடத்தில் மாணவர்கள் தூங்கி வழியும்போது இந்த ஜோக்குகள்தான் பல வருஷமாகக் கைகொடுத்திருக்கின்றன. எந்த ஜோக்கில் வகுப்பு சிரிக்கும், எதில் திருதிருவென விழிக்கும் என்பது ஓரளவு பழகிவிட்டது. ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: ஆர்மீனிய மொழி எனக்குத் தெரியாது. நான் பேசுவதெல்லாம் ரஷ்ய மொழியில் புழங்கிய வடிவங்களைப் பற்றித்தான்.

சரி, நிலையம். ஆர்மீனியாவின் தலைநகரான யெரவானில் வானொலி நிலையம் இருந்தது, இன்றும் இருக்கிறது. மற்ற சோவியத் குடியரசுகளின் வானொலிகளைப் போலவே செய்தி, இசை, உற்பத்திச் சாதனைகள் என்று ஒலிபரப்பிக்கொண்டிருந்தது. இந்த ஜோக்குகளில் ஒன்றைக்கூட அது ஒலிபரப்பியதில்லை. ஜோக்கில் வரும் நிலையம் மக்கள் வாயிலேயே பிறந்து வாயிலேயே ஓடிய நிலையம். அதற்கு அலைவரிசையும் கிடையாது, அறிவிப்பாளரும் கிடையாது. ரஷ்யர்கள் அதை 'ஆர்மீனிய வானொலி' என்றுதான் சொன்னார்கள். ஜோக் எப்போதும், "ஆர்மீனிய வானொலியைக் கேட்கிறார்கள்" என்று ஆரம்பிக்கும். 'ரேடியோ யெரவான்' என்ற பெயர் கிழக்கு ஜெர்மனி, போலந்து போன்ற நாடுகளில் ஒட்டிக்கொண்டு அங்கிருந்து மேற்கே போன பெயர். ஸ்டாலினுக்குப் பின் வந்த குருஷேவ் காலத்தில் இந்த ஜோக்குகள் பரவ ஆரம்பித்து, அவருக்கு அடுத்து வந்த பிரெஷ்னேவ் காலத்தில் (1964 முதல் 1982 வரை) உச்சத்தில் இருந்தன.

ஏன் வானொலி என்று கேட்டால், அங்கேதான் விஷயம் சுவாரஸ்யமாகிறது. அன்றைய சோவியத் வீடுகளில் வானொலி என்றால் பெரும்பாலும் சமையலறைச் சுவரில் மாட்டிய ஒரு ஒலிபெருக்கிப் பெட்டி. கம்பி வழியாக வரும் ஒலிபரப்பு. அதில் நிலையம் மாற்றும் குமிழ் கிடையாது, சத்தத்தைக் கூட்டவும் குறைக்கவும் மட்டும்தான் ஒன்று இருக்கும். பல வருஷங்கள் அதில் ஒரே நிகழ்ச்சிதான், பிற்பாடு மூன்றானது. காலை ஆறு மணிக்கு தேசிய கீதத்தோடு அது விழித்துக்கொள்ளும், கூடவே வீடும் விழித்துக்கொள்ளும். நேயர் கடிதங்களுக்குப் பதில் சொல்வது சோவியத் பத்திரிகைகளிலும் வானொலியிலும் அன்றாட வழக்கம். யாரோ ஒரு தோழர் ஏதோ ஒரு ஊரிலிருந்து சந்தேகம் கேட்பார், நிதானமான கனத்த குரல் ஒன்று தயங்காமல் விளக்கம் சொல்லும். அந்தக் குரலுக்குத் தெரியாத விஷயமே இருக்காது. வானொலியில் நகைச்சுவையும் உண்டு, ஞாயிற்றுக்கிழமை காலையில் சிரிப்பு நிகழ்ச்சி கேட்டவர்கள் கோடிக்கணக்கில். 1922-இல் தொடங்கிய 'குரகதீல்' (முதலை என்று பொருள்) என்ற அரசு நகைச்சுவைப் பத்திரிகையும் இருந்தது. குடிகாரர், சோம்பேறி மேலாளர், லஞ்சம் வாங்கும் கடைக்காரர் என்று இவர்களையெல்லாம் அதில் கிண்டல் செய்யலாம். அதற்கு மேல் தலை நிமிர்ந்து பார்க்கக் கூடாது. இன்னொரு பக்கம் இரவில் வெளிநாட்டு வானொலிகள் வரும், ஆனால் இரைச்சல் பாய்ச்சி அவற்றைக் கேட்கவிடாமல் செய்வார்கள். சுவரில் ஒரு வானொலி, இரைச்சலுக்கு நடுவே இன்னொரு வானொலி. இரண்டும் சொல்லாததைச் சொல்ல மூன்றாவதாக ஒன்றை மக்களே வைத்துக்கொண்டார்கள், குரல் மட்டும் சுவர்ப்பெட்டியிடம் இரவல்.

அந்தக் குரலின் நடை தெரிய லாட்டரி ஜோக்கைப் பாருங்கள். உங்கள் தொகுப்பிலும் நிச்சயம் இருக்கும். நேயர் கேட்கிறார்: "இவான் இவானொவிச் மாஸ்கோவில் லாட்டரியில் கார் ஜெயித்தாராமே, உண்மையா?" வானொலி சொல்கிறது: "கொள்கையளவில் உண்மைதான். ஆனால் அவர் இவான் இவானொவிச் இல்லை, பியோத்தர் பெத்ரோவிச். மாஸ்கோ இல்லை, லெனின்கிராத். கார் இல்லை, சைக்கிள். ஜெயிக்கவில்லை, அவரிடமிருந்து திருடிவிட்டார்கள்." இதில் அரசியல்வாதி யாரும் இல்லை, கட்சி இல்லை. இருந்தாலும் சோவியத் ஜோக்குகளிலேயே அரசியல் காரம் மிகுந்த ஒன்று என்று இதைத்தான் சொல்வேன். ஒரு அறிக்கையில் 'கொள்கையளவில்' என்ற சொல் வந்துவிட்டால் அடுத்து வரும் 'ஆனால்' எல்லாவற்றையும் விழுங்கிவிடும் என்பது அன்றைய மனிதருக்குப் பழகிப்போன அனுபவம். திட்டம் கொள்கையளவில் நிறைவேறிவிட்டது. வீடு கொள்கையளவில் ஒதுக்கப்பட்டுவிட்டது. முழுப் பொய்யைவிட இந்த ரகம் அவர்களுக்குப் பரிச்சயம். இந்த ஜோக்குக்கு வகுப்பில் எப்போதும் சிரிப்பு உண்டு, ஏனென்றால் அலுவலகக் கடிதம் எழுதும் எந்த நாட்டிலும் இந்தச் சொல் இருக்கிறது.

சிரிப்பு வராதவை வேறு ரகம். ஒரு விடுகதை: "நீளமாக இருக்கும், பச்சையாக இருக்கும், சாசேஜ் வாசனை அடிக்கும். அது என்ன?" பதில்: "மாஸ்கோவிலிருந்து ரியஸான் போகும் மின்சார ரயில்." சில இடங்களில் ரியஸானுக்குப் பதில் துலா. ஆர்மீனிய வானொலியிடம் கேட்பதாகவும் சொல்வார்கள், வெறும் விடுகதையாகவும் சொல்வார்கள். இதை முதலில் கேட்கும் மாணவர்கள் யாரும் சிரித்து நான் பார்த்ததில்லை. ஆனால் அந்தத் தலைமுறை ரஷ்யர் ஒருவரிடம் முதல் மூன்று சொற்களைச் சொன்னால் போதும், முகம் மாறும். காரணம் இதுதான். இறைச்சி, சாசேஜ் இவற்றின் விலையை அரசுதான் நிர்ணயிக்கும். 'தோக்தர்ஸ்கயா' என்ற வேகவைத்த சாசேஜ் பிரெஷ்னேவ் காலத்தில் கிலோ 2 ரூபிள் 20 கோபெக். அந்த எண்ணை இன்றும் பலர் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார்கள். விலை மலிவு, ஆனால் சரக்கு? தலைநகரத்துக்குத்தான் முதல் ஒதுக்கீடு. இருநூறு கிலோமீட்டர் தள்ளியிருக்கும் ரியஸானின் கடையில் அலமாரி காலி. ரியஸான் வட்டாரத்தில் இறைச்சி உற்பத்தியாகிறது, அது மாஸ்கோவுக்குப் போகிறது, ரியஸான்காரர் விடுமுறை நாளில் ரயிலேறி மாஸ்கோ போய் க்யூவில் நின்று அதே இறைச்சியை வாங்கிக்கொண்டு திரும்புகிறார். சாயங்கால ரயிலில் பெட்டி முழுக்கப் பைகள், பைகள் முழுக்க சாசேஜ். மின்சார ரயில்களின் நிறம் பச்சை.

இப்போது ஜோக்கைத் திரும்பப் படியுங்கள். அதில் விநியோகத் திட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை, யார் மேலும் குற்றச்சாட்டு இல்லை. ஒரு வாசனை மட்டும் இருக்கிறது. மீதியைக் கேட்பவர் தன் வாழ்க்கையிலிருந்து எடுத்துப் போட்டு நிரப்பிக்கொள்கிறார். நமக்குச் சிரிப்பு வராததற்குக் காரணம் நம் நகைச்சுவை உணர்வில் இல்லை, நம்மிடம் போட்டு நிரப்ப ஒன்றும் இல்லை என்பதில்தான். இந்த ஜோக்குகளை அரசியல் ஜோக் என்று வகைப்படுத்துவதே கொஞ்சம் திசைதிருப்புகிறது என்பது என் எண்ணம். தலைவர்களைக் கிண்டல் செய்யும் ஜோக்குகள் எளிதாக எல்லை தாண்டிவிடும். 1980 மாஸ்கோ ஒலிம்பிக் தொடக்க உரையில் தடுமாறும் கிழட்டு பிரெஷ்னேவ், "ஓ! ஓ! ஓ!" என்று வாசிக்க ஆரம்பிக்கிறார். உதவியாளர் ஓடிவந்து, "தோழரே, அது ஒலிம்பிக் வளையம், உரை கீழே இருக்கிறது" என்கிறார். இதற்கு யாரும் சிரிப்பார்கள். சமையலறை, க்யூ, பை, குழாய் இவற்றில் பிறந்த ஜோக்குகள்தான் எல்லையில் நின்றுவிடுகின்றன.

குழாய் என்றதும் அந்த கார் ஜோக். அமெரிக்க அதிபர் ரீகன் மேடைகளில் சொல்லிப் பிரபலமாக்கியது. ஒருவர் கார் வாங்கப் பணம் கட்டுகிறார். "பத்து வருஷம் கழித்து வந்து எடுத்துக்கொள்ளுங்கள்" என்கிறார் அதிகாரி. "காலையிலா, பிற்பகலிலா?" "பத்து வருஷம் கழித்துத்தானே, எப்போதாக இருந்தால் என்ன?" "இல்லை, அன்றைக்குக் காலையில் பிளம்பர் வருகிறார்." மேற்கத்தியக் கூட்டம் சிரித்தது பத்து வருஷத்துக்கு. கார்களுக்கு நீண்ட காத்திருப்புப் பட்டியல் இருந்தது உண்மைதான், கொஞ்சம் மிகைப்படுத்தியிருக்கலாம். சோவியத் குடிமகனுக்கு அது தெரிந்த சேதி. அவருக்குச் சிரிப்பு பிளம்பரில். குடியிருப்பு அலுவலகம் அனுப்பும் பிளம்பர் எப்போது வருவார் என்று ஆண்டவனுக்கே தெரியாது. வந்தாலும் சாமான் இல்லை என்பார். அரை லிட்டர் வோட்கா கண்ணில் பட்டால் சாமான் கிடைத்துவிடும். அப்படிப்பட்ட மனிதர் தேதி மட்டுமல்ல, காலை என்று நேரமும் குறித்துக் கொடுத்திருக்கிறார், அதையும் நம்பிக் குறித்து வைத்திருக்கிறார் ஒரு அப்பாவி! ஒரே ஜோக்கில் இரண்டு கூட்டம் இரண்டு இடத்தில் சிரிக்கிறது.

கடை ஜோக் ஒன்றும் இப்படித்தான். ஒருவர் கடைக்குள் நுழைந்து, "உங்களிடம் இறைச்சி இல்லையா?" என்று கேட்கிறார். கவுன்டரில் இருக்கும் பெண், "இங்கே மீன் இல்லை. இறைச்சி இல்லாத கடை எதிர்ப்பக்கம்" என்கிறார். கடைகளின் வாசலில் பெயரே 'இறைச்சி', 'மீன்', 'ரொட்டி' என்றுதான் இருக்கும் என்பதைத் தெரிந்துகொண்டால் இது உடனே பிடிபடும். கேள்வி 'இல்லையா' என்று முடிவதையும் பாருங்கள். ரஷ்ய மொழியில் பணிவாகக் கேட்பதே எதிர்மறையில்தான், அந்தப் பணிவைக் கடைப்பெண் அப்படியே உண்மையாக எடுத்துக்கொள்கிறார்.

அணுகுண்டு ஜோக்கையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் தொகுப்புகளில் அது கறுப்பு நகைச்சுவை என்ற தலைப்பில் தனியாகக் கிடக்கிறது. "அணுகுண்டு விழுந்தால் என்ன செய்ய வேண்டும்?" "வெள்ளைத் துணியைப் போர்த்திக்கொண்டு மெதுவாகக் கல்லறைத் தோட்டத்தை நோக்கித் தவழ வேண்டும்." "ஏன் மெதுவாக?" "பீதி கிளம்பக் கூடாது, அதனால்தான்." பள்ளியிலும் தொழிற்சாலையிலும் பொதுமக்கள் பாதுகாப்புப் பயிற்சி கட்டாயம். முகமூடி மாட்டப் பழக்குவார்கள், சுவரொட்டி ஒட்டுவார்கள். ஒவ்வொரு அறிவுரையும் 'பீதியைக் கிளப்பாதீர்கள்' என்ற தொனியில் இருக்கும். ஜோக் அந்தப் பயிற்சிக் கையேட்டின் நடையை அச்சு அசலாக எடுத்துக்கொள்கிறது, மரணத்துக்குக்கூட ஒழுங்குமுறை சொல்லும் நடை.

இதற்கெல்லாம் ஆபத்து இருந்ததா? இருந்தது, ஆனால் எல்லாக் காலத்திலும் ஒரே அளவு அல்ல. இதைப் பலரும் குழப்பிக்கொள்கிறார்கள். ஸ்டாலின் காலத்தில் குற்றவியல் சட்டத்தின் 58-ஆவது பிரிவு, 10-ஆவது உட்பிரிவு, 'சோவியத் எதிர்ப்புப் பிரச்சாரம்' என்ற பெயரில் ஜோக் சொன்னவர்களையும் கட்டாய உழைப்பு முகாமுக்கு அனுப்பியது. இதில் சந்தேகமே இல்லை. அதற்கும் ஒரு ஜோக் உண்டு. 1931 முதல் 1933 வரை லட்சத்துக்கும் மேற்பட்ட கைதிகளை வைத்து வெண்கடல்–பால்டிக் கால்வாயை வெட்டினார்கள், நீளம் 227 கிலோமீட்டர். "கால்வாயை வெட்டியது யார்?" "வலது கரையை ஜோக் சொன்னவர்கள், இடது கரையைக் கேட்டுச் சிரித்தவர்கள்." 1953-இல் ஸ்டாலின் இறந்த பிறகு நிலைமை படிப்படியாகத் தளர்ந்தது. முழுக்கப் போகவில்லை, 1960-இல் வந்த புதிய ரஷ்யக் குற்றவியல் சட்டத்திலும் 70-ஆவது பிரிவு அதே வேலைக்கென்று இருந்தது. ஆனால் பிரெஷ்னேவ் காலத்தில் சாதாரண மனிதர் வெறும் ஜோக்குக்காக முகாமுக்குப் போவது அபூர்வம். பதவி உயர்வு நின்றுபோகும், வெளிநாட்டுப் பயணம் ரத்தாகும், அதுதான் பயம். அதோடு 1950-களின் கடைசியிலிருந்து ஐந்து மாடிக் குடியிருப்புகள் மளமளவென எழுந்தன. ஒரே சமையலறையைப் பல குடும்பங்கள் பகிர்ந்துகொண்ட கூட்டுக் குடியிருப்புகளிலிருந்து லட்சக்கணக்கானவர்கள் தனிச் சமையலறைக்குக் குடிபெயர்ந்தார்கள். கதவைச் சாத்திக்கொண்டு பேச ஓர் இடம் கிடைத்ததும் ஆர்மீனிய வானொலி களைகட்டியதும் ஒரே சமயத்தில் நடந்ததைத் தற்செயல் என்று நான் நினைக்கவில்லை. இது என் அனுமானம்தான்.

இனி, ஏன் ஆர்மீனியா? இங்கேதான் கதைகள் அதிகம், உறுதி குறைவு. பரவலாகச் சொல்லப்படுவது, யெரவான் அறிவிப்பாளர் ஒருவர் நேரலையில், "முதலாளித்துவத்தில் மனிதனை மனிதன் சுரண்டுகிறான், சோஷலிசத்தில் இதற்கு நேர்மாறு" என்று வாய் தவறிச் சொல்லிவிட்டார், அதிலிருந்துதான் எல்லாம் தொடங்கியது என்பது. எனக்கு இதில் நம்பிக்கை இல்லை. இதே வாக்கியம் வானொலி வாசனையே இல்லாமல் பல நாடுகளில் தனி ஜோக்காக ஓடியது. கதை அதற்குப் பிறகு தைத்த சட்டை போலத்தான் தெரிகிறது. இதைவிட நம்பும்படியானது, 'ஆர்மீனிய விடுகதை' என்று ஒரு ரகம் ரஷ்ய மொழியில் இருந்தது என்பது. "பச்சையாக இருக்கும், சுவரில் தொங்கும், கீச்சிடும், அது என்ன?" "மத்தி மீன்." "பச்சை ஏன்?" "நான்தான் சாயம் அடித்தேன்." "சுவரில்?" "நான்தான் மாட்டினேன்." "கீச்சிடுவது?" "நீ கண்டுபிடித்துவிடக் கூடாது என்பதற்காக." அசட்டுத் தைரியத்தோடு எதற்கும் பதில் வைத்திருக்கும் இந்தக் குரலுக்கும் பிற்கால வானொலிக் குரலுக்கும் முக ஜாடை இருக்கிறது. ஆர்மீனியர்கள் பேச்சுச் சாமர்த்தியத்துக்குப் பேர்போனவர்கள். அவர்கள் நாட்டிலேயே கியூம்ரி (அன்று லெனினாகான்) நகரத்துக்காரர்கள் என்றால் நையாண்டிக்கு இன்னும் ஒரு படி மேல். தலைநகரத்திலிருந்து தள்ளியிருக்கும் ஒரு சிறிய குடியரசின் தலையில் பழியைப் போடுவதில் ஒரு பாதுகாப்பும் இருந்திருக்கலாம். இன்னொன்று, நல்ல கதைசொல்லி வானொலியின் பதிலை ஆர்மீனியா இருக்கும் காகேசியப் பகுதியின் உச்சரிப்பில் இழுத்து இழுத்துச் சொல்வார். அச்சில் படிக்கும்போது அந்த இழுப்பு போய்விடுகிறது, பாதிச் சிரிப்பும் அதோடு போய்விடுகிறது.

அந்த உச்சரிப்பில் கொஞ்சம் இளக்காரமும் கலந்திருந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் ஜோக்கில் ஜெயிப்பது எப்போதும் ஆர்மீனிய வானொலிதான், அதனாலோ என்னவோ ஆர்மீனியர்களும் அதைத் தங்களுடையதாகவே ஏற்றுக்கொண்டார்கள். "உலகத்திலேயே அழகான நகரம் எது?" "யெரவான்." "அதை அழிக்க எத்தனை அணுகுண்டு வேண்டும்?" நீண்ட மௌனத்துக்குப் பிறகு: "பாகுவும் அழகான நகரம்தான்." பாகு அண்டைக் குடியரசான அஜர்பைஜானின் தலைநகரம், அண்டை நகரங்களுக்குள் இருந்த செல்லச் சண்டையில் பிறந்தது இது. பாகுவுக்குப் பதில் ஜார்ஜியாவின் தலைநகரான திபிலிசி என்றும் சொல்வார்கள். 1988-இல் ஆர்மீனியர்களுக்கும் அஜர்பைஜானியர்களுக்கும் இடையே கராபாக் பகுதிக்கான மோதல் தொடங்கி, 1990 ஜனவரியில் பாகுவில் ஆர்மீனியர்களுக்கு எதிராகப் படுகொலைகள் நடந்த பிறகு அந்த ஊர்ப் பெயரோடு இதைச் சொல்வது வேறு பொருள் தருகிறது. நான் வகுப்பில் திபிலிசி வடிவத்தைத்தான் சொல்கிறேன்.

கடைசியாக, உங்கள் தொகுப்பில் எது அசல், எது பின்னால் சேர்த்தது என்று பார்க்க ஒரு வழி. ஜோக்கில் வரும் பொருளையும் பெயரையும் கவனியுங்கள். "அமெரிக்காவைப் போல இங்கேயும் பேச்சுச் சுதந்திரம் உண்டா?" "கொள்கையளவில் உண்டு. அங்கே வெள்ளை மாளிகை முன்னால் நின்று 'ரீகன் ஒழிக' என்று கத்தலாம். இங்கேயும் செஞ்சதுக்கத்தில் நின்று 'ரீகன் ஒழிக' என்று தாராளமாகக் கத்தலாம்." ரீகன் என்றால் இந்த வடிவம் 1980-களுடையது. பழைய வடிவங்களில் வேறு அதிபர் இருப்பார், புதியவற்றில் நேற்றைய அதிபர்கூட இருப்பார். ஆக, ஜோக்கின் வயது வேறு, வடிவத்தின் வயது வேறு. இந்த ஜோக்குகளை அமெரிக்க உளவுத்துறையே எழுதிப் பரப்பியது என்றும் சிலர் அடித்துச் சொல்கிறார்கள். தெரிந்தவரை அவர்கள் செய்தது சேகரித்தது. சிஐஏவின் துணை இயக்குநருக்காகத் தட்டச்சு செய்த சோவியத் ஜோக் பட்டியல் ஒன்று பின்னாளில் வெளியாகி, இணையத்தில் கிடைக்கிறது. கோர்பசேவ் 1985-இல் மதுக் கட்டுப்பாடு கொண்டுவந்த பிறகு பிறந்த ஜோக் ஒன்று அதில் இருக்கிறது: வோட்கா க்யூவில் நின்று அலுத்துப்போன ஒருவர், "என் இடத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள், கோர்பசேவைச் சுட்டுவிட்டு வருகிறேன்" என்று கிளம்புகிறார். இரண்டு மணி நேரம் கழித்துத் திரும்பி வருகிறார். "என்ன ஆச்சு?" "அங்கே க்யூ இதைவிட நீளம்." உளவாளிகளுக்கு இப்படி ஒன்று சொந்தமாகத் தோன்றியிருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை. அதை எழுத க்யூவில் நின்றிருக்க வேண்டும். 1991-க்குப் பிறகு சரக்கு வந்தது, க்யூ போனது, ஜோக்குகளில் திடீர்ப் பணக்காரர்கள் வந்து உட்கார்ந்துகொண்டார்கள். ஆகவே உங்கள் தொகுப்பில் ஆர்மீனிய வானொலியிடம் யாராவது செல்போனைப் பற்றிக் கேட்டிருந்தால், அது பழைய நிலையத்தின் பேரில் யாரோ பிற்பாடு ஒலிபரப்பியது.